லெட்டர்மேன் என்ற போர்க்கள டாக்டர்: வண்டி யார் பேச்சைக் கேட்கும்?

கேள்வி, பிப்ரவரி 4

அமெரிக்க உள்நாட்டுப் போர் டாக்டர்கள் என்றால் மயக்க மருந்துகூட இல்லாமல் கை கால்களை அறுத்துத் தள்ளியவர்கள் என்றுதான் நான் படித்திருக்கிறேன். அவர்களில் ஜோனதன் லெட்டர்மேன் என்ற ஒருவரைப் போய் ‘போர்க்கள மருத்துவத்தின் தந்தை’ என்கிறார்கள். அப்படி என்ன ஆபரேஷன் செய்துவிட்டார்?

பிப்ரவரி 4, இரவு 10.15

பெயர் சொல்லும்படி ஒரு ஆபரேஷனும் செய்யவில்லை. அவர் பெயரில் ஒரு கருவி கிடையாது, ஒரு தையல் முறை கிடையாது. காயம்பட்டவர்களை ஏற்றும் வண்டிகளைச் சாமான் துறையிடமிருந்து எடுத்து டாக்டர்கள் கையில் கொடுத்தார். அதுதான் அவர் செய்த பெரிய காரியம்.

கேட்டால் சின்ன விஷயம் போலத் தெரியும். நான் 31 வருஷம் நர்ஸ் வேலை பார்த்தவள். அதில் பாதிக்கு மேல் கேஷுவாலிட்டியில். இது சின்ன விஷயம் என்று என்னால் ஒருநாளும் சொல்ல முடியாது.

1862க்கு முன்னால் அமெரிக்க ராணுவத்தில் ஆம்புலன்ஸ் வண்டிகள் குவார்ட்டர்மாஸ்டர் துறைக்குச் சொந்தம். குதிரைத் தீவனம், கூடாரம், பூட்ஸ் எல்லாம் பார்க்கும் அதே துறை. ஓட்டுபவர்கள் பெரும்பாலும் கூலிக்கு வந்த வெளியாட்கள். குண்டுச் சத்தம் கேட்டதும் வண்டியோடு ஓடிவிடுவார்கள். காயம்பட்டவனுக்கு என்று வைத்திருந்த சாராயத்தைக் குடித்தவர்களும் உண்டு. ஸ்ட்ரெச்சர் தூக்கும் வேலை பாண்டு வாத்தியக்காரர்கள் தலையில். டாக்டர் ‘வண்டியை அனுப்பு’ என்றால், கேட்க வேண்டும் என்று யாருக்கும் கட்டாயம் இல்லை.

பிப்ரவரி 5, காலை 6.40

கேள்வியில் இருந்த இன்னொரு விஷயத்தை நேற்று விட்டுவிட்டேன். மயக்க மருந்து இல்லாமல் அறுத்தார்கள் என்பது பொதுவாகச் சரியில்லை. குளோரோஃபார்மும் ஈதரும் இருந்தன. வட மாநிலத்துப் படையில் பெரிய அறுவைகளில் பெரும்பாலானவை மயக்கம் கொடுத்துத்தான் நடந்தன. துணியைக் கூம்பு மாதிரி மடித்து, அதில் குளோரோஃபார்மைச் சொட்டி, மூக்கருகே பிடிப்பார்கள். அரை மயக்கத்தில் ஆள் முனகுவான், திமிறுவான், நாலு பேர் அமுக்கிப் பிடிப்பார்கள். தூரத்திலிருந்து பார்த்தவர்களுக்கு அது மயக்கமே இல்லாத அறுவையாகத்தான் தெரிந்திருக்கும்.

அத்தனை கை கால்களை ஏன் எடுத்தார்கள் என்பதற்கும் காரணம் உண்டு. அந்தக் காலத்துத் துப்பாக்கிகளில் போட்ட மினியே குண்டு மிருதுவான ஈயம். எலும்பில் பட்டதும் தட்டையாகி, எலும்பைத் தூள் தூளாக்கிவிடும். சட்டைத் துணி, மண் எல்லாவற்றையும் உள்ளே இழுத்துக்கொண்டு போகும். காயம் சீழ் பிடிப்பது கிருமியால் என்று தெரியாத காலம். ஒரே நீரில் ஒரே பஞ்சைப் பிழிந்து அடுத்தவன் காயத்தைத் துடைத்தார்கள். அந்த நிலையில், நொறுங்கிய காலை முதல் இரண்டு நாளுக்குள் எடுத்தவர்கள், சீழ் பிடித்த பிறகு எடுத்தவர்களைவிட அதிகம் பிழைத்தார்கள். ஆகவே எவ்வளவு சீக்கிரம் மேஜைக்குக் கொண்டுவருகிறோம் என்பதில்தான் உயிர் இருந்தது. மறுபடி வண்டிக்கே வந்து நிற்கிறோம் பாருங்கள்.

பிப்ரவரி 5, இரவு 9.50

ஆளைப் பற்றியே ஒன்றும் சொல்லவில்லை என்று வீட்டில் என் மகள் சொன்னாள். சரி.

1824 டிசம்பர் 11, பென்சில்வேனியாவில் கேனன்ஸ்பர்க் என்ற ஊர். அப்பாவும் டாக்டர். பிலடெல்பியா ஜெஃபர்சன் மருத்துவக் கல்லூரியில் 1849ல் படிப்பை முடித்த கையோடு ராணுவத்தில் உதவி சர்ஜன். அதற்கப்புறம் பதின்மூன்று வருஷம் ஃப்ளோரிடா, மின்னசோட்டா, நியூ மெக்சிகோ, கலிஃபோர்னியா என்று எல்லையோரக் கோட்டைகள். அந்த வருஷங்களை எல்லோரும் ஒரே வரியில் தாண்டிவிடுவார்கள். எனக்கு அங்கேதான் அவர் உருவாகியிருப்பார் என்று படுகிறது. நூறு மைலுக்கு இன்னொரு டாக்டர் இல்லாத இடத்தில் வேலை பார்த்தவனுக்கு, கையில் என்ன இருக்கிறது, அது எந்த வண்டியில் எப்போது வரும் என்ற கணக்கு தன்னால் வந்துவிடும்.

1862 ஜூனில், ராணுவத் தலைமை சர்ஜன் வில்லியம் ஹாமண்ட் இவரை வட மாநிலங்களின் முக்கியப் படையான பொட்டோமாக் படைக்கு மருத்துவ இயக்குநராகப் போட்டார். ஹாமண்டுக்கு 33 வயது, லெட்டர்மேனுக்கு 37. ஜூலை ஆரம்பத்தில் வர்ஜீனியாவில் ஹாரிசன்ஸ் லேண்டிங் முகாமுக்குப் போய்ச் சேர்ந்தபோது, தோற்றுப் பின்வாங்கிய படை ஆற்றங்கரைச் சேற்றில் கிடந்தது. வயிற்றுப்போக்கு, காய்ச்சல், ஸ்கர்வி (காய்கறி, பழம் இல்லாமல் வரும் நோய்). மருந்துப் பெட்டிகளைப் பின்வாங்கும் வழியெல்லாம் போட்டுவிட்டு வந்திருந்தார்கள்.

அவர் முதலில் கேட்டது உருளைக்கிழங்கும் வெங்காயமும். அப்புறம் கிணறு தோண்டச் சொன்னார், கழிவுக்குழியைத் தினம் மண் போட்டு மூடச் சொன்னார், சமையலை ஆளுக்கு ஆள் செய்யாமல் கம்பெனிக்கு ஒன்றாகச் செய்யச் சொன்னார், குளிக்கச் சொன்னார். தரையில் படுக்காமல் பைன் கிளைகளைப் பரப்பி அதன் மேல் படுக்கச் சொன்னார். சில வாரங்களில் முகாம் தேறியது. அந்தப் போரில் குண்டடியைவிட நோயில் செத்தவர்கள் இரண்டு மடங்கு. அதை நினைத்தால் இந்த வெங்காய வேலையும் ஆம்புலன்ஸ் வேலைக்குக் குறைந்ததில்லை.

பிப்ரவரி 6, மதியம்

‘வண்டிகளை டாக்டர்கள் கையில் கொடுத்தார்’ என்று எழுதியதை இன்னும் சரியாக எழுத வேண்டும். உத்தரவு போட்டவர் படைத்தலைவர் மெக்கிளெல்லன். 1862 ஆகஸ்ட் 2, பொது உத்தரவு எண் 147. திட்டம் லெட்டர்மேனுடையது. உத்தரவில் இருந்தது இதுதான் (கோர் என்பது படையின் பெரிய பிரிவு; அதற்குள் டிவிஷன், பிரிகேட், ரெஜிமென்ட் என்று சின்னதாகிக்கொண்டே போகும்). ஒவ்வொரு கோருக்கும் ஆம்புலன்ஸுக்கென்றே ஒரு கேப்டன், டிவிஷனுக்கும் பிரிகேடுக்கும் லெஃப்டினன்ட்கள், ரெஜிமென்ட்டுக்கு ஒரு சார்ஜென்ட். வண்டிக்கு ஒரு ஓட்டுநர், ஸ்ட்ரெச்சருக்கு இரண்டு பேர். எல்லோரும் சிப்பாய்கள், எல்லோருக்கும் பயிற்சி. தொப்பியைச் சுற்றி இரண்டு அங்குல அகலத்தில் பச்சைப் பட்டை, கையில் பச்சைக் கோடு. இவர்களைத் தவிர வேறு யாரும் காயம்பட்டவனைத் தூக்கிக்கொண்டு பின்னால் வரக்கூடாது.

கடைசி விதி கொடுமையாகத் தெரியும். அதற்கு முன்னால் ஒருவன் விழுந்தால் மூன்று நாலு நண்பர்கள் துப்பாக்கியைப் போட்டுவிட்டுத் தூக்கிக்கொண்டு வருவார்கள், திரும்பிப் போகமாட்டார்கள். பச்சைப் பட்டைக்காரன் நிச்சயம் வருவான் என்ற நம்பிக்கை வந்தால்தான், பக்கத்தில் விழுந்த நண்பனை விட்டுவிட்டு ஒருவனால் முன்னே போக முடியும்.

பிப்ரவரி 8, இரவு 11.30

என் கதையைச் சொல்லாமல் இதை விளங்க வைக்க முடியாது என்று தோன்றுகிறது.

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு சின்ன ஊர் ஆஸ்பத்திரியில் இருந்தேன். எந்த ஊர் என்று வேண்டாம். பிரசவம் முடிந்து ஒரு பெண்ணுக்கு ரத்தம் நிற்கவில்லை. பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பியாக வேண்டும். ஜீப் வாசலில் நிற்கிறது, டீசல் இருக்கிறது. டிரைவர் எங்கள் டாக்டருக்குக் கீழே இல்லை, வேறு பிரிவுக்குக் கீழே. அவர்களுடைய அறை பூட்டியிருக்கிறது. சாவி எங்கே என்றால், ஜன்னல் வழியாகப் பார்த்தால் தெரிகிறது. உள்ளே சுவரில், காலண்டருக்குப் பக்கத்தில், ஆணியில் தொங்குகிறது. சிவப்பு நூல் கட்டியிருந்தது. அந்த நூல் காற்றில் ஆடியதுகூட எனக்கு நினைவிருக்கிறது.

டாக்டர் ஃபோன் மேல் ஃபோன் போடுகிறார். ‘லாக் புக்கில் கையெழுத்து வேண்டும், காலையில் பார்க்கலாம்’ என்று பதில் வருகிறது. இரண்டு மணி நேரம். கடைசியில் பால் ஏற்றும் டெம்போ ஒன்றை வாட்ச்மேன் ரோட்டில் மறித்து நிறுத்தினார். கேன்களை இறக்கிவிட்டு, மெத்தையைப் போட்டுக் கொண்டுபோனோம். வழி முழுக்க நான் அவள் அடிவயிற்றை அமுக்கிப் பிடித்தபடியே போனேன்.

லெட்டர்மேனைப் பற்றி முதன்முதலில் படித்தபோது எனக்கு அந்தச் சிவப்பு நூல்தான் ஞாபகம் வந்தது.

பிப்ரவரி 9, காலை

அந்தப் பெண் என்ன ஆனாள் என்று மூன்று பேர் கேட்டிருக்கிறீர்கள். பிழைத்தாள். கர்ப்பப்பையை எடுக்க வேண்டிவந்தது. ஒரு மணி நேரம் முன்னால் போயிருந்தால் எடுக்காமல் விட்டிருக்கலாம் என்று அங்கே சொன்னார்கள்.

பிப்ரவரி 9, மாலை 5.20

‘ஆம்புலன்ஸைக் கண்டுபிடித்ததே லெட்டர்மேன்தான்’ என்று ஒருவர் சேர்த்திருக்கிறார். இல்லை. நெப்போலியன் படையில் இருந்த டாக்டர் டொமினிக் ஜான் லாரே 1790களிலேயே ‘பறக்கும் ஆம்புலன்ஸ்’ வைத்திருந்தார். மோசமாக அடிபட்டவனை முதலில் பார், அவன் பட்டம் பதவியைப் பார்க்காதே என்றவரும் அவரே. அமெரிக்காவிலும் லெட்டர்மேனுக்கு முன்னால் அதே பதவியில் இருந்த சார்ல்ஸ் டிரிப்ளர் சும்மா இருந்தவரில்லை. அவரிடம் அதிகாரம் இல்லை, படை திடீரென்று பெருத்துவிட்டது. அவரைக் கையாலாகாதவர் என்று எழுதுகிறவர்களோடு நான் சேரமாட்டேன். ஆனால் வண்டி, மருந்து, கள ஆஸ்பத்திரி மூன்றையும் ஒரே கயிற்றில் கட்டி, லட்சம் பேர் கொண்ட படைக்குப் பொருந்தும்படி எழுதி வைத்தவர் லெட்டர்மேன்.

மருந்து விஷயத்தைக் கட்டாயம் சொல்ல வேண்டும், வார்டில் இன்டென்ட் (மருந்து, சாமான் கேட்டு எழுதும் சீட்டு) எழுதியவர்களுக்குப் புரியும். அதுவரை ஒவ்வொரு ரெஜிமென்ட்டும் மாதக்கணக்கில் மருந்தைச் சுமந்துகொண்டு திரிந்தது. ஒரு ரெஜிமென்ட்டில் அபின் குவிந்து கிடக்கும், அடுத்ததில் கட்டுத்துணி இருக்காது. ரோடு கெட்டால் அத்தனையும் சேற்றில். 1862 அக்டோபர் 4ல் அவர் இதை பிரிகேட் கணக்குக்கு மாற்றினார். பிரிகேடுக்கு ஒரு மருந்து வண்டி, ஒரு மாதத்துக்கான சரக்கு. தீர்ந்தால் கேட்டு வாங்கிக்கொள், தேவையில்லாமல் சேர்த்து வைக்காதே.

அதே அக்டோபர் 30ல் கள ஆஸ்பத்திரி. டிவிஷனுக்கு ஒன்று. அறுவை செய்ய மூன்று பேரைத் தேர்ந்தெடுக்க வேண்டும், பதவி மூப்புப் பார்த்து இல்லை, கைத்திறன் பார்த்து. மற்ற டாக்டர்கள் உதவி செய்யட்டும், ஒருவர் பெயரும் காயமும் எழுதட்டும், ஒருவர் சாப்பாடும் கூடாரமும் பார்க்கட்டும். சீனியர் டாக்டரிடம் ‘நீங்கள் கத்தி எடுக்க வேண்டாம்’ என்று எழுத்தில் சொல்வதற்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும்! ஆஸ்பத்திரியில் வேலை பார்த்தவர்களுக்குத்தான் அது தெரியும்.

பிப்ரவரி 12

ஆன்டீட்டம் போர். 1862 செப்டம்பர் 17, மேரிலாண்ட். ஒரே நாளில் இரண்டு பக்கமும் சேர்த்து செத்தவர், காயம்பட்டவர், காணாமல் போனவர் ஏறக்குறைய 23,000. வட படையில் காயம்பட்டவர்கள் மட்டும் 9,500க்கு மேல்.

மூன்று வாரம் முன்னால் இரண்டாம் புல் ரன் போர் நடந்திருந்தது. அங்கே இருந்தது ஜான் போப் என்ற தளபதியின் படை, லெட்டர்மேனின் ஏற்பாடு அங்கே இல்லை. காயம்பட்டவர்கள் நாள்கணக்கில் வெயிலிலும் மழையிலும் அப்படியே கிடந்தார்கள். ஆன்டீட்டத்தில் அடுத்த நாள் முடிவதற்குள், தங்கள் வரிசைக்குள் கிடந்த வட படைக் காயம்பட்டோரை எடுத்துவிட்டார்கள்.

‘தங்கள் வரிசைக்குள்’ என்பதை அழுத்திச் சொல்கிறேன். எதிரி 18ஆம் தேதி இரவுதான் பின்வாங்கினான். நடுவில் கிடந்தவர்கள் அதுவரை காத்திருந்தார்கள். வேறு படையிலிருந்து வந்து ஒட்டிக்கொண்ட சில பிரிவுகளில் இந்த ஆம்புலன்ஸ் ஏற்பாடு இன்னும் வரவே இல்லை. மருந்தும் தாமதம். மொனோகசி ஆற்றின் ரயில் பாலத்தை எதிரிகள் தகர்த்துவிட்டதால் சரக்கு அங்கேயே இறங்கிக் குவிந்தது. தானாக முன்வந்து காயம்பட்டோருக்கு உதவிய கிளாரா பார்ட்டன் என்ற பெண் தன் வண்டியில் கட்டுத்துணியோடு வந்து சேர்ந்தது டாக்டர்கள் சோளத்தோகையால் கட்டுப் போட்டுக்கொண்டிருந்த நேரத்தில்.

அப்புறம் அவர் செய்த ஒரு காரியம் எனக்கு மிகவும் பிடிக்கும். நகர்த்தினால் தாங்கமாட்டார்கள் என்று தோன்றியவர்களை ஃப்ரெடரிக் நகரத்துக்கு அனுப்பாமல், களத்துக்குப் பக்கத்திலேயே ஸ்மோக்டவுன் என்ற இடத்தில் கூடார ஆஸ்பத்திரி போட்டு வைத்துக்கொண்டார். வண்டிகளுக்காக அத்தனை சண்டை போட்ட மனிதர், யாரை வண்டியில் ஏற்றக்கூடாது என்பதையும் தெரிந்துவைத்திருந்தார்.

பிப்ரவரி 13, இரவு

ஒரு நண்பரின் கேள்வி இரண்டு நாளாக உறுத்துகிறது. ‘காயத்தை ஆற்றி மறுபடி சுடத்தானே அனுப்பினார்கள்? இதில் கருணை எங்கே?’

லெட்டர்மேன் இதை மறைக்கவில்லை. போர் முடிந்து 1866ல் பொட்டோமாக் படையில் தன் அனுபவங்களைப் புத்தகமாகப் போட்டார். ராணுவ மருத்துவத் துறையின் முதல் கடமை படையின் பலத்தைக் காப்பது என்ற எண்ணம் அதில் வெளிப்படையாக இருக்கிறது. முதலில் எனக்கு அது குளிர்ந்த பேச்சாகப் பட்டது. அப்புறம் யோசித்தேன். தளபதிகளிடம் போய் ‘பாவம், ஆட்கள் வேதனைப்படுகிறார்கள்’ என்று சொன்னால் வண்டி கிடைக்குமா? ‘உங்கள் வரிசை கரைகிறது’ என்றால் கிடைக்கும். எங்கள் ஆஸ்பத்திரியிலும் ஒரு ஃபேன் வாங்க, நோயாளிக்கு வியர்க்கிறது என்று எழுதினால் நடக்காது, மருந்து கெட்டுப்போகிறது என்று எழுத வேண்டும்.

இது முழுப் பதிலா என்று கேட்டால், இல்லை. அந்தப் போரில் அடிமை முறையை ஒழித்த பக்கத்துக்கு அவர் வேலை செய்தார் என்பதும் என் கணக்கில் இருக்கிறது. ஆனால் அவர் அந்தக் காரணத்துக்காகத்தான் செய்தார் என்று நான் சொல்லமாட்டேன்.

பிப்ரவரி 14, காலை

நேற்று எழுதியதைப் படித்துப் பார்த்தேன். கருணையே இல்லாதவர் போல ஆகிவிட்டது. கெட்டிஸ்பர்க்கைச் சொன்னால் சமனாகும்.

1863 ஜூலை 1 முதல் 3 வரை சண்டை. ஆம்புலன்ஸ்கள் நன்றாக வேலை செய்தன. ஆனால் படைத்தலைவர் மீட், ரோடு அடைத்துக்கொள்ளும் என்று சாமான் வண்டிகளையெல்லாம் யூனியன் மில்ஸுக்கும் வெஸ்ட்மின்ஸ்டருக்கும் இடையே பின்னால் நிறுத்திவிட்டார். கூடாரங்களும் ஆஸ்பத்திரிச் சாமான்களும் அந்த வண்டிகளோடு போய்விட்டன. பன்னிரண்டாம் கோர் மட்டும் தன் மருத்துவ வண்டிகளைக் கூடவே வைத்திருந்தது, அங்கே காயம்பட்டோர் சீக்கிரம் கூரைக்குக் கீழே போனார்கள். மற்றவர்கள் ஜூலை 4ல் கொட்டிய மழையில் கிடந்தார்கள். இந்த உத்தரவால் என்ன நடந்தது என்பதை லெட்டர்மேன் அறிக்கையில் எழுதிவைத்தார்.

அப்புறம் படை எதிரியைத் துரத்திக்கொண்டு போயிற்று. இரண்டு பக்கமும் சேர்த்து இருபதாயிரத்துக்கு மேல் காயம்பட்டோர். அவர்களுக்கு விட்டுவைத்த ராணுவ டாக்டர்கள் 106 பேர். இன்னொரு சண்டை வரும் என்று எண்ணி மற்றவர்களைப் படையோடு கூட்டிக்கொண்டு போனார்கள். இதற்கு லெட்டர்மேனையே குறை சொன்னவர்கள் அப்போதும் இருந்தார்கள். இருபதாயிரத்தை 106ஆல் வகுத்துப் பாருங்கள், ஒரு டாக்டருக்கு ஏறக்குறைய இருநூறு பேர் வரும். நான் ஒரு பஸ் விபத்து இரவில் நாற்பது பேரைப் பார்த்ததே இன்றைக்கும் கனவில் வருகிறது. அந்த முடிவை நியாயப்படுத்த என்னால் முடியவில்லை.

ஊருக்குக் கிழக்கே, யார்க் போகும் ரோட்டில் ஜூலை கடைசியில் பெரிய கூடார ஆஸ்பத்திரி எழுந்தது. பெயர் கேம்ப் லெட்டர்மேன். வட வீரனும் தென் வீரனும் அங்கே பக்கத்துப் பக்கத்தில் படுத்திருந்தார்கள்.

பிப்ரவரி 17

போர் முழுக்க அவர் இருந்தார் என்று எண்ணிக்கொண்டிருந்தவர்களுக்கு: பொட்டோமாக் படையில் அவர் இருந்தது ஒன்றரை வருஷம்தான். 1864 ஜனவரியில் அந்தப் பதவியை விட்டார். டிசம்பரில் ராணுவத்தையே விட்டார். அவரை நியமித்த ஹாமண்டுக்கும் போர்த்துறைச் செயலர் ஸ்டான்டனுக்கும் ஒத்துப்போகவில்லை. ராணுவ நீதிமன்றத்தில் நிறுத்தி, 1864 ஆகஸ்டில் ஹாமண்டை வெளியேற்றினார்கள். 1870களின் கடைசியில்தான் அவர் பெயரிலிருந்த கறை நீங்கியது.

ஆம்புலன்ஸ் ஏற்பாடு எல்லாப் படைகளுக்கும் சட்டமானது 1864 மார்ச் 11ல். அதற்குப் பின்னால் ஒரு தகப்பன் இருக்கிறார். பாஸ்டன் டாக்டர் ஹென்றி பௌடிச். அவர் மகன் நத்தானியேல், குதிரைப்படை லெஃப்டினன்ட், 1863 மார்ச்சில் கெல்லிஸ் ஃபோர்டில் அடிபட்டு, ஆம்புலன்ஸ் இல்லாமல் கிடந்து, பிறகு இறந்தான். தகப்பன் அழுதுகொண்டு உட்காரவில்லை, ஆம்புலன்ஸ் ஏற்பாடு வேண்டும் என்று எழுதி அச்சடித்து அனுப்பினார். பையன் இருந்தது லெட்டர்மேனின் பொட்டோமாக் படையிலேயேதான். உத்தரவு இருந்தும் வண்டி எல்லா இடத்துக்கும் போய்ச் சேரவில்லை.

பிப்ரவரி 17, இரவு

பின்வாழ்க்கை சுருக்கமாக. 1863 அக்டோபரில் கல்யாணம், மேரி லீ என்ற மேரிலாண்ட் பெண். இரண்டு பெண் குழந்தைகள். கலிஃபோர்னியாவுக்குப் போய் எண்ணெய்க் கிணறு வேலையில் இறங்கினார், அது தேறவில்லை. சான் ஃபிரான்சிஸ்கோவில் மறுபடி டாக்டர் தொழில், பிறகு தேர்தலில் ஜெயித்து மரண விசாரணை அதிகாரி. 1867 நவம்பரில் மனைவி திடீரென்று இறந்தார். அதற்கப்புறம் அவர் எழவேயில்லை. வயிற்று நோய், மனச் சோர்வு. 1872 மார்ச் 15ல், 47 வயதில் போய்விட்டார். இத்தனை பேருக்கு வண்டி ஏற்பாடு செய்தவர் அந்தக் கடைசி நாலு வருஷத்தில் எப்படி இருந்தார் என்று நினைத்தால் மனசு கனக்கிறது.

பிறகு ஆர்லிங்டன் தேசியக் கல்லறைக்கு அவரைக் கொண்டுபோனார்கள், மனைவியும் கூட இருக்கிறார். 1911ல் சான் ஃபிரான்சிஸ்கோ பிரசிடியோவில் இருந்த ராணுவ ஆஸ்பத்திரிக்கு அவர் பெயர் வைத்தார்கள். அது இப்போது இல்லை. அந்த இடத்தில் சினிமா கம்பெனிக் கட்டடங்கள் நிற்கின்றன, வளாகத்தின் பெயரில் மட்டும் லெட்டர்மேன் இருக்கிறார்.

பிப்ரவரி 26

என்னோடு வேலை பார்த்த சிஸ்டர் இதையெல்லாம் படித்துவிட்டு ஃபோன் செய்தார். நூல் சிவப்பு இல்லையாம், காவி. டெம்போவை மறித்தது வாட்ச்மேன் இல்லை, ஆஸ்பத்திரியில் கூட்டிப் பெருக்கும் அம்மாவாம். இரண்டு மணி நேரம் என்று எழுதினேனே, கிட்டத்தட்ட மூன்று என்கிறார். அவர் சொல்வதுதான் சரியாக இருக்கும், அன்று ராத்திரி ரிஜிஸ்டர் எழுதியவர் அவர்.

கேம்ப் லெட்டர்மேன் எப்போது மூடியது என்று கேட்டவருக்கு: 1863 நவம்பர் 20. அதற்கு முந்தின நாள்தான் லிங்கன் கெட்டிஸ்பர்க்கில் வந்து பேசிவிட்டுப் போனார்.